ஆமையை விட்டுவிட்டு ஜெயித்தோம்

முதலில் போனது செருப்பு. கடையைச் சாத்திவிட்டு வீட்டுக்கு நடந்து வந்தவன், காலைக் கழுவக் குனிந்தபோதுதான் பார்த்தேன்: வலது காலில் செருப்பு இல்லை. எங்கே கழன்றது, எப்போது கழன்றது, ஒன்றும் தெரியவில்லை. பங்குனி வெயிலில் காய்ந்த தார் ரோட்டில் வெறுங்காலோடு வந்திருக்கிறேன், சுடவும் இல்லை. "இன்னாங்க, குடிச்சிட்டு வந்தீங்களா?" என்று என் மனைவி சாந்தி கேட்டாள். அதற்கு நான் போட்ட கத்தலில் பக்கத்து வீட்டுக்காரர் எட்டிப் பார்த்தார். நான் அப்படித்தான். பயம் வந்தால் எனக்குக் கோபமாகத்தான் வெளியே வரும்.

என் பெயர் ஏழுமலை. அடி அண்ணாமலையில், கிரிவலப் பாதை ஓரத்தில், ஜூஸும் தண்ணீர் பாட்டிலும் விற்கிற கடை வைத்திருக்கிறேன். இதை எழுதச் சொன்னது எனக்கு வைத்தியம் பார்த்த நரம்பு டாக்டர். "ஒங்கள மாதிரி வர்றவங்களுக்கு ஒரு தைரியமா இருக்கும், எழுதுங்க" என்றார். தைரியம் வருமோ வராதோ எனக்குத் தெரியாது. நடந்ததை நடந்தபடி எழுதினால் என்மேல் யாருக்கும் மரியாதை வராது, அது மட்டும் நன்றாகத் தெரியும்.

மறுநாள் காலை கக்கூஸில் உட்கார்ந்தவனால் எழுந்திருக்க முடியவில்லை. இரண்டு கால்களும் என்னுடையவை இல்லை என்பதுபோல் கிடந்தன. சாந்தியின் தம்பி குமார் வந்து, குழந்தையைத் தூக்குவதுபோல் என்னைத் தூக்கி ஆட்டோவில் போட்டான். ஆஸ்பத்திரியில் அந்த நரம்பு டாக்டர் அம்மா ஒரு சின்ன ரப்பர் சுத்தியலால் முழங்காலுக்குக் கீழே தட்டினார். கால் துள்ளவில்லை. இன்னொரு முறை தட்டினார். பிறகு, "பத்து நாளுக்கு முன்னாடி பேதி, காய்ச்சல் ஏதாவது வந்துச்சா?" என்று கேட்டார். வந்தது. கடை ஐஸைத் தின்றுவிட்டு மூன்று நாள் பேதி.

வியாதிக்கு கில்லன் பாரே என்று பெயர். இரண்டு வெளிநாட்டு டாக்டர்களின் பெயராம். டாக்டர் எனக்குப் புரிகிற மாதிரிதான் சொன்னார். "பேதிக் கிருமியை அடிக்க ஒங்க ஒடம்பு ஒரு படையை அனுப்புச்சு. கிருமி செத்துப் போச்சு. படை நிக்கல. இப்ப ஒங்க நரம்பையே அடிக்குது. கரண்டு ஒயர் மேல ரப்பர் இருக்கில்ல? அது உரிஞ்சுட்டா பல்பு எரியாது. அதான் கால் வேலை செய்யல." கால் திரும்பி வருமா என்று கேட்டேன். "நெறைய பேருக்கு வரும்" என்றார். எல்லாருக்கும் என்று சொல்லவில்லை.

கையிலும் காலிலும் கரண்டு வைத்து ஒரு டெஸ்ட் எடுத்தார்கள். முழங்காலை நெஞ்சோடு சேர்த்துச் சுருண்டு படுக்கவைத்து முதுகுத்தண்டிலிருந்து நீர் எடுத்தார்கள். பிறகு ஐ.சி.யூ. அங்கே நாலு மணி நேரத்துக்கு ஒருமுறை ஒரு பரீட்சை. மூச்சை இழுத்துப் பிடித்து, ஒரே மூச்சில் ஒன்று, இரண்டு என்று எண்ண வேண்டும். எதுவரை போகிறோமோ அவ்வளவுதான் நெஞ்சுத் தசையில் மிச்சம் இருக்கிற பலம். முதல் நாள் இருபத்திரண்டு. மூன்றாம் நாள் பதினான்கு. நான்காம் நாள் பதினொன்று. இன்னும் கம்மியானால் தொண்டையில் குழாய் போட்டு மெஷினில் வைப்போம் என்று நர்ஸ், டிபன் என்ன வேண்டும் என்று கேட்கிற குரலில் சொன்னாள். அதற்குள் கைகளும் போயிருந்தன.

முன்பின் தெரியாத பலருடைய ரத்தத்திலிருந்து பிரித்தெடுத்த மருந்தை ஐந்து நாள் சொட்டுச் சொட்டாக ஏற்றினார்கள். ஐந்தாம் நாள் சாந்தி கழுத்தில் மஞ்சள் கயிறு மட்டும் இருந்தது. நான் கேட்கவில்லை, அவளும் சொல்லவில்லை. கண்ணாடிக்கு வெளியே நிற்கிறவள், என் முகத்தைப் பார்த்தே மூக்கு அரிக்கிறது என்று கண்டுபிடித்து, நர்ஸைக் கெஞ்சி உள்ளே வந்து சொறிந்துவிட்டுப் போவாள். கை இல்லாதவனுக்கு மூக்கு அரிப்பது எவ்வளவு பெரிய தண்டனை என்று பட்டவனுக்குத்தான் தெரியும்.

பதினொன்றில் இரண்டு நாள் நின்றது. பிறகு பதின்மூன்று, பதினாறு. கண்டம் தாண்டிவிட்டது என்று இரண்டு கட்டில் போட்ட ஒரு அறைக்கு மாற்றினார்கள். இன்னொரு கட்டிலில் கோதண்டம் இருந்தார்.

கீழ்பென்னாத்தூர்க்காரர், போஸ்ட் ஆபீஸில் வேலை பார்த்து ரிட்டயர் ஆனவர். நுரையீரல் நாளுக்கு நாள் காய்ந்து இறுகிப்போகிற வியாதி. மூக்கில் எந்நேரமும் ஆக்சிஜன் குழாய். நல்ல மனுஷர் என்று எழுத ஆசைதான், ஆனால் அன்றைக்கு எனக்கு அவரைக் கண்டாலே எரிச்சல். ராத்திரி பகல் இருமுவார். இருமி முடித்ததும் விட்ட இடத்திலிருந்து கதையைத் தொடர்வார். அவர் மனைவி வள்ளியம்மா வேர்க்கடலை வேகவைத்து எடுத்து வருவார், அவர் தோலைத் தரையிலேயே போடுவார். எனக்கு மூச்சுப் பரீட்சை வைக்கும்போது அவரும் கூடவே எண்ணுவார். ஐந்தில் நின்றுவிடும். "தம்பி எங்க இருக்காரு?" என்று சாந்தியிடம் கேட்பார். நான் பத்தொன்பதில் இருப்பேன். எனக்கு உள்ளூர ஒரு சந்தோஷம் வரும். அசிங்கமான சந்தோஷம், ஆனால் வந்தது.

என் மூச்சு ஏறியது, கை விரல்கள் மெல்ல அசைந்தன, கால் மட்டும் அப்படியே கிடந்தது. எங்கள் மகள் யாழினிக்குப் பத்து வயது. தினமும் நாலு மணிக்குப் பள்ளிக்கூடத்திலிருந்து நேராக வருவாள். வந்ததும் போர்வையை விலக்கி என் கால் கட்டை விரலையே பார்ப்பாள். "ஆட்டுப்பா" என்பாள். நான் ஆட்டுவேன். மனசுக்குள் ஆட்டுவேன். விரல் கிடக்கும்.

குமார் செங்கம் ரோட்டில், ஆசிரமத்துப் பக்கம், வெளிநாட்டுக்காரர்கள் தங்குகிற வாடகை அறைகளைப் பார்த்துக்கொள்கிறான். ஒரு அம்மா காலி செய்துவிட்டுப் போன அறையில் ஒரு அட்டைப் பெட்டி கிடந்ததாம். யாழினிக்கு எடுத்து வந்தான். அவர்கள் நாட்டுக் குழந்தைகள் படிக்கிற நாலு கதைப் புத்தகங்களை வைத்துச் செய்த விளையாட்டு. ஒரு புத்தகத்துக்கு ஒரு ஆள்: குடை பிடித்த எலி, கண்ணாடி போட்ட வாத்து, தொப்பி வைத்த ஆடு, முதுகில் பெட்டி கட்டிய ஆமை. மரத்தில் செய்த காய்கள். பலகை நடுவில் ஒரு மலை, மலையைச் சுற்றி வட்டமாகக் கட்டங்கள், ஒரு இடத்தில் ஒரு வீடு.

யாழினி இங்கிலீஷ் தாளை வைத்துக்கொண்டு ஒவ்வொன்றாகப் படித்துச் சொன்னாள். "இதுல யாரும் யாரையும் வெட்டக் கூடாது. எல்லாரும் ஒரே கட்சி. மழை வர்றதுக்குள்ள நாலு பேரும் வீட்டுக்குப் போயிடணும். மூணு பேர் போயி ஒருத்தர் வெளிய நின்னா, எல்லாரும் தோத்தாங்க." பகடையில் ஒன்றிலிருந்து ஐந்து வரை எண்கள், ஆறு இருக்க வேண்டிய பக்கத்தில் கருமேகம். மேகம் விழுந்தால் ஒரு மேகத் துண்டை மலைமேல் வைக்க வேண்டும். எட்டுத் துண்டும் சேர்ந்தால் மழை, ஆட்டம் முடிந்தது. ஆளுக்கு ஒரு வரம் உண்டு. எலி பொந்தில் நுழைந்து குறுக்கே போகும். வாத்து குளத்தில் இறங்கிப் போகும். ஆடு, தான் நிற்கிற கட்டத்தில் யார் இருந்தாலும் முதுகில் ஏற்றிக்கொள்ளும். ஆமைக்கு வரம் கிடையாது. எந்த எண் விழுந்தாலும் ஒரு கட்டம்தான். வீட்டு வாசலைத் தவிர வேறெங்கும் யாரும் காத்து நிற்கக் கூடாது, விழுந்த எண்ணுக்கு நகர்ந்தே ஆக வேண்டும்.

"யாருடா இப்படி ஒரு ஆட்டத்தைக் கண்டுபுடிச்சது? எதிராளியே இல்லாம இன்னா ஆட்டம்?" என்றேன்.

"மழைதான்பா எதிராளி."

நாலு பேர் வேண்டும். நான், சாந்தி, யாழினி. நாலாவது கோதண்டம், அவரே கையைத் தூக்கினார். எனக்கு ஆடு, அவருக்கு மிஞ்சிய ஆமை. ஆரம்பத்தில் காய்கள் ஆளுக்கொரு இடத்தில் நிற்க வேண்டும். எல்லாரையும்விடக் கடைசியில் ஆமை. அதற்கு நாலு கட்டம் முன்னால் என் ஆடு.

யாழினி தாளில் அடுத்த வரியைப் படித்தாள். "முன்னாடி பின்னாடி எந்தப் பக்கம் வேணும்னாலும் போலாம்னு போட்டிருக்கு."

சாந்தி பகடையைக் கீழே வைத்துவிட்டாள். "அதெல்லாம் வேணாம். மலையைச் சுத்தறதுன்னா வலமாத்தான் சுத்தணும். திரும்பக் கூடாது."

"இது சும்மா அட்டைம்மா."

"அட்டையா இருந்தா இன்னா? மலை மலைதான். அப்பாவுக்குக் கால் வரணும்னு நான் வேண்டிக்கிட்டிருக்கேன், நீ இடமாச் சுத்தறேங்கிற."

நானும் சேர்ந்துகொண்டேன். பௌர்ணமிக்குப் பௌர்ணமி லட்சம் கால்கள் என் கடையைத் தாண்டிப் போவதைப் பார்த்தவன் நான். ஒரு கால் எதிர்த் திசையில் வந்து பார்த்ததில்லை. "அம்மா சொல்றதுதான் ரூலு. திரும்பக் கூடாது" என்றேன். அத்தோடு அது முடிந்தது.

என் உள்ளங்கையில் பகடையை வைத்து, யாழினி கையைச் சாய்த்துவிடுவாள். அது உருண்டு விழுவதுதான் என் ஆட்டம். முதல் நாள் தோற்றோம். இரண்டாம் நாளும் தோற்றோம். நாங்கள் மூன்று பேரும் வீட்டு வாசலில் நிற்போம், ஆமை மலைக்கு அந்தப் பக்கம் கிடக்கும், எட்டாவது மேகம் விழும். வீட்டைத் தாண்டி முழுச் சுற்றுச் சுற்றி வந்து ஆமையை ஏற்றிக்கொள்ளவும் பார்த்தேன். அதற்குள் மழை வந்துவிட்டது.

மூன்றாம் நாள் யாழினி என் காதருகே வந்தாள். "அப்பா, நான் ஒண்ணு வேண்டிக்கிட்டேன். யார்கிட்டயும் சொல்லாத. ஒரே ஒரு தடவை ஜெயிச்சா உனக்கு கால் வந்துடும்."

இதைக் கேட்டு நான் சிரித்திருக்க வேண்டும். சிரிப்பு வரவில்லை. நாற்பத்திரண்டு வயசு ஆள், நாலு காசு பார்த்தவன், அந்த அட்டையை நம்ப ஆரம்பித்தேன். காலையில் கண் விழித்ததும் சாயங்காலத்து ஆட்டம்தான் ஞாபகம். தோற்றால் ராத்திரி முழுக்க என் கால்களைப் பார்த்துக்கொண்டு கிடப்பேன். எதிர்க் கட்டிலில் இருமல் கேட்கும். இந்த ஆளால்தான் தோற்கிறோம் என்று தோன்றும். உண்மையும் அதுதானே என்று நினைத்தேன்.

ஒருநாள் கோதண்டம் கண்ணாடியை மாட்டிக்கொண்டு அந்தத் தாளை வாங்கிப் படித்தார். தயங்கித் தயங்கி, "தம்பி, ஆரம்பத்துலயே ஆடு நாலு கட்டம் பின்னாடி வந்துட்டா, என்னைத் தூக்கிக்கிட்டுப் போயிடலாம். நேரா வீடுதான்" என்றார்.

"தெரியும் பெரியவரே. நாங்க திரும்பறதில்ல."

"தாள்ல போட்டிருக்கு."

"தாள்ல ஆயிரம் போட்டிருப்பான். அவன் ஊருல எவன் மலையைச் சுத்தறான்?"

"நாலே கட்டம்தான் தம்பி" என்று இருமிக்கொண்டே சொன்னார். நான் முகத்தைத் திருப்பிக்கொண்டேன். முகத்தைத் திருப்ப மட்டும் எனக்குப் பலம் இருந்தது.

பத்தாம் ஆட்டம். அன்றைக்கு மேகம் அவ்வளவாக விழவில்லை. நாங்கள் மூன்று பேரும் வீட்டு வாசலில். மலைமேல் ஐந்தே துண்டு மேகம். ஆமை ஒவ்வொரு கட்டமாக வந்துகொண்டிருந்தது. யாழினி மூச்சை அடக்கிக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். கோதண்டத்துக்கு அன்றைக்கு மூச்சு ரொம்ப வாங்கியது. ஒருமுறை உருட்டிவிட்டு இரண்டு நிமிஷம் படுத்துக்கொள்வார். ஆமை இன்னும் மூன்று கட்டம் இருக்கும்போது, வரிசையாக மேகம், மேகம், மேகம். அவருடைய கை உருட்டியதுதான் கடைசி மேகம். யாழினி தேம்பி அழுதாள். நானும் சாந்தியும் எவ்வளவு சமாதானப்படுத்தியும் நிற்கவில்லை.

"பாப்பா, நாளைக்குப் பாத்துக்கலாம்" என்றார் கோதண்டம்.

எனக்கு ஆத்திரம் பொங்கிக்கொண்டு வந்தது. "நாளைக்கும் இதே கதைதான். நீங்க இல்லன்னா நாங்க எப்பவோ ஜெயிச்சிருப்போம். ஒரு கட்டம் நகர்றதுக்கு ஒரு மணி நேரம், ஊரு கதை பேசவும் இருமவும் மட்டும் தெம்பு இருக்கு. இன்னாத்துக்கு ஆட வரீங்க?"

சாந்தி என் வாயைப் பொத்தினாள். வள்ளியம்மா கடலைத் தோலைப் பொறுக்கிக்கொண்டிருந்தவர், நிமிர்ந்து பார்த்துவிட்டு மறுபடி பொறுக்கினார். கோதண்டம் ஆமைக் காயைக் கையில் எடுத்துத் திருப்பித் திருப்பிப் பார்த்துக்கொண்டிருந்தார்.

விடியற்காலையில் அவரை ஐ.சி.யூ.வுக்குத் தள்ளிக்கொண்டு போனார்கள். நான் தூங்குவதுபோல் கண்ணை மூடிக்கொண்டிருந்தேன். கட்டில் என் காலடியைத் தாண்டும்போது கொஞ்சம் நின்றது. அவர் ஏதோ சொல்ல வாயெடுத்தார் போலிருந்தது. நான் கண்ணைத் திறக்கவில்லை. இதை நான் யாரிடமும் சொன்னதில்லை, இங்கேதான் முதன்முதலாக எழுதுகிறேன்.

அன்று சாயங்காலம் யாழினி பெட்டியைக் கொட்டித் தேடினாள். ஆமை இல்லை. ஆட்டமும் இல்லை. மறுநாளும் இல்லை. மூன்றாம் நாள் காலை கட்டிலின் விரிப்பை மாற்ற வந்த நர்ஸிடம் சாந்தி கேட்டாள். "நேத்து சாயந்தரமே போயிட்டாரே" என்றாள் நர்ஸ். சாந்தி முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டாள். எனக்கு வெட்கம் கெட்ட ஒரு நினைப்பு வந்தது: இனிமேல் யாராவது நல்ல ஆள் வந்தால் நாலு பேர் சேர்ந்து ஆடலாம்.

யாழினி நாலு மணிக்கு வந்தாள். சாந்தி அவளை வெளியே கூட்டிப்போய்ச் சொன்னாள். திரும்பி வந்தவள் காலிக் கட்டிலைக் கொஞ்ச நேரம் பார்த்தாள். பிறகு அந்தத் தாளை எடுத்து, விரலை வைத்து, ஒரு இடத்தைத் தேடிப் படித்தாள்.

"அப்பா, இதுல போட்டிருக்கு. ஆடறவங்கள்ல ஒருத்தர் நடுவுல எழுந்து போயிட்டா, அவங்க காயை எடுத்துட்டு மத்தவங்க ஆடலாம்."

சாந்தி என்னைப் பார்த்தாள். வேண்டாம் என்று நான் சொல்லியிருக்கலாம். "போடு" என்றேன்.

எலி, வாத்து, ஆடு. கால் மணி நேரம்கூட ஆகவில்லை. யாரும் யாருக்காகவும் காத்திருக்க வேண்டியதில்லை. மூன்று மேகம்தான் விழுந்திருந்தது, மூன்று பேரும் வீட்டுக்குள் இருந்தோம். "ஜெயிச்சுட்டோம்! அப்பா, ஜெயிச்சுட்டோம்!" என்று யாழினி கத்தினாள். கட்டிலைச் சுற்றி ஓடினாள், வலமாகத்தான். சாந்தி அழுதுகொண்டே சிரித்தாள். என் இரண்டு கைகளும் போர்வையைவிட்டு எழும்பின. ஒன்றோடொன்று மோதின. சத்தம் வந்தது. இருபது நாள் கழித்து முதல்முறையாக நான் கை தட்டினேன். தட்டினேன், தட்டிக்கொண்டே இருந்தேன்.

வாசலில் வள்ளியம்மா நின்றுகொண்டிருந்தார். விட்டுப்போன பையையும் செம்பையும் எடுக்க வந்திருக்கிறார். எவ்வளவு நேரமாக நிற்கிறார் என்று தெரியவில்லை. நெற்றியில் பொட்டு இல்லை.

அவர் உள்ளே வந்து, இடுப்பில் செருகியிருந்த சுருக்குப்பையை அவிழ்த்து, ஆமையை எடுத்து யாழினி கையில் வைத்தார். "பாப்பாவோட சாமானு. கையிலேயே வெச்சிருந்தாரு. குடுத்துடுன்னு சொன்னாரு." பிறகு பலகையைப் பார்த்தார். "ஜெயிச்சுட்டீங்களா?"

"ஆமா பாட்டி" என்றாள் யாழினி.

"கேட்டுக்கிட்டே இருந்தாரு. நான் இல்லாம ஆடி ஜெயிச்சிருப்பாங்கடி, போயிப் பாத்துட்டு வான்னு." குரலில் கோபம் இருந்ததா என்று இன்று வரைக்கும் யோசிக்கிறேன். பையைத் தோளில் மாட்டிக்கொண்டு, கடலை மிச்சம் இருந்த பொட்டலத்தை சாந்தியிடம் கொடுத்துவிட்டுப் போனார். ஒரு மன்னிப்பு கேட்க எனக்கு வாய் வரவில்லை. மூச்சுப் பரீட்சையில் அன்றைக்கு முப்பது எண்ணினேன்.

இரண்டு நாள் கழித்து என் கால் கட்டை விரல் அசைந்தது. மருந்து வேலை செய்கிறது, நரம்புத் தோல் வளர்கிறது, இந்த வியாதி வந்த நிறையப் பேருக்கு இந்தச் சமயத்தில்தான் திரும்பும் என்று டாக்டர் விளக்கினார். யாழினி அவரைப் பாவம் என்பதுபோல் பார்த்தாள். அவளுக்குத்தான் உண்மை தெரியுமே.

இப்போது தடியை ஊன்றி நடக்கிறேன். பிசியோதெரபிக்காரப் பையன், தினமும் வீட்டிலிருந்து கிரிவலப் பாதையில் குளம் வரைக்கும் போய்த் திரும்பி வரச் சொல்லியிருக்கிறான். போகும்போது வலம், திரும்பும்போது இடம். எதிரில் வருகிற யாரும் ஒன்றும் சொல்வதில்லை, வழிவிடுகிறார்கள். எண்ணிப் பார்த்தால் நான் தினமும் சில நூறு அடி மலையை இடமாகச் சுற்றுகிறேன். காலுக்கு ஒன்றும் ஆகிவிடவில்லை.

போன ஞாயிற்றுக்கிழமை பக்கத்து வீட்டுப் பெண்பிள்ளைகள் இரண்டு பேர் விளையாட வந்தார்கள். யாழினி அந்தப் பலகையை விரித்தாள். பெட்டியின் அடியில் ஆமை தனியாகக் கிடந்தது.

"இது வேணாமா?" என்று ஒருத்தி கேட்டாள்.

"வேணாம். அது இருந்தா தோத்துடுவோம். அது இல்லாம ஆடினப்பதான் எங்கப்பாவுக்கு கால் வந்துச்சு."

நான் நாற்காலியிலிருந்து, "யாழினி, ஆமையையும் வெச்சு ஆடும்மா. ஆடு திரும்பி நாலு கட்டம் வந்து ஏத்திக்கிட்டுப் போவட்டும். திரும்பலாம், தப்பில்ல. தாள்லயே போட்டிருக்கு" என்றேன்.

அவள் நிமிர்ந்து என்னைப் பார்த்தாள். கோபமெல்லாம் இல்லை, கணக்கில் தப்புப் போட்டவனைப் பார்க்கிற பார்வைதான். "நீதானேப்பா சொன்ன, அந்தத் தாத்தா இல்லன்னா எப்பவோ ஜெயிச்சிருப்போம்னு. சரியாத்தானே சொன்ன."

"எந்தத் தாத்தாடி?" என்றாள் அந்தப் பெண்.

"ஆஸ்பத்திரியில இருந்தாரு" என்று சொல்லிவிட்டு யாழினி பெட்டியை மூடினாள். "நீ உருட்டு."